"ஹோட்ல்" என்றொரு சொல்

இத்தலைப்பைக் காணும் நேயர்கள், அச்சுக் கோத்தவர் ஓர் எழுத்தை விழுங்கிவிட்டார், "ஹோட்டல்" என்பதே சரியாக இருக்க வேண்டும் என்று எண்ணக்கூடும். நம்மவர்களில் பலர் சாப்பாட்டுக் கடைத் தொழிலில் இருப்பதால் அவ்விதம் எண்ணுவதில் வியப்பில்லை. ஆனால் இது அச்சுப்பிழையன்று. சொல்லே பிழையாகப் பிறந்த சொல்.

"ஹோல்ட்" என்றால் ஆங்கிலத்தில் பிடித்துக்கொள், வைத்துக்கொள் என்று பொருள். அதில் கடைசி இரண்டு எழுத்தும் இடம் மாறிப்போனதுதான் "ஹோட்ல்". பிட்காயின் முதலிய மின்காசுகளை வாங்கி வைத்திருப்போர் தங்களுக்குள் வழங்கும் சொல் இது. இன்று சுங்கைப் பட்டாணியிலும் கூலிமிலும் நம் வாலிபர்கள் கைப்பேசியைப் பார்த்துக்கொண்டே இதைச் சொல்லக் கேட்கிறோம். "விற்றாயா?" என்று ஒருவன் கேட்டால், "இல்லை, ஹோட்ல்" என்கிறான் மற்றவன். கேட்டவனும் மெச்சிக்கொள்கிறான்.

சொல் பிறந்த நாள் தெரிந்திருக்கிறது: 2013ஆம் ஆண்டு டிசம்பர் 18. அம்மாத முதல் வாரத்தில் சீனாவின் மத்திய வங்கி, தன் நாட்டு வங்கிகள் பிட்காயினைக் கையாளக் கூடாது என்று உத்தரவிட்டிருந்தது. அதற்குச் சற்று முன்வரை 1,100 டாலருக்கு மேல் விலைபோன ஒரு பிட்காயின், 18ஆம் தேதி 500 டாலருக்கும் கீழே சரிந்தது. அன்றிரவு, அதை வைத்திருந்த ஒருவர், நான் விற்கப் போவதில்லை என்று இணையத்தில் எழுதினார். விஸ்கி குடித்துவிட்டு எழுதியதை அவரே ஒப்புக்கொண்டார். போதையில் எழுத்து மாறியது, படித்தவர்கள் சிரித்தார்கள், சிரிப்பே சொல்லுக்கு வாழ்வு கொடுத்துவிட்டது. மதுவைத் தொடாத நம் பிள்ளைகளின் வாயில் மதுவின் பிள்ளை உலவுவதை எண்ணினால் நமக்கும் சிரிப்புத்தான் வருகிறது.

முதலில் எழுதியவரின் கருத்து தாழ்மையானது. தமக்கு வாங்கி விற்கும் சாமர்த்தியம் இல்லை, எப்போது ஏறும் எப்போது இறங்கும் என்று கணிக்கத் தெரியாது, தேர்ந்த ஆட்களோடு மோதினால் தோற்பது நிச்சயம், ஆகையால் பேசாமல் வைத்துக்கொள்கிறேன் என்பதுதான் அது. தன் அளவை அறிந்தவன் பேச்சு. இதில் குற்றம் காண ஒன்றுமில்லை.

பின்னால் வந்தவர்களோ அந்த நான்கு ஆங்கில எழுத்துகளுக்கும் புதிதாக ஒரு விரிவுரை கற்பித்தார்கள்: உயிரைப் பிடித்துக்கொள்வது போல் பிடித்துக்கொள் என்று. தாழ்மை போய் வீரம் வந்தது. விற்காதவனுக்கு "வைரக் கை" என்றும், பயந்து விற்றவனுக்கு "காகிதக் கை" என்றும் பட்டம் ஏற்பட்டது. அதன்பின் சொல் மேலும் ஒரு படி ஏறிற்று. நான் வைத்துக்கொள்கிறேன் என்று தன்னைப் பற்றிச் சொன்னது, நீயும் வைத்துக்கொள் என்று பிறருக்கு இடும் கட்டளையாயிற்று. இந்த மூன்றாம் பொருளில்தான் நாம் கவனிக்க வேண்டிய விஷயம் இருக்கிறது. ஒரு சரக்கை எல்லோரும் வைத்துக்கொண்டு ஒருவர் மட்டும் விற்றால், விற்பவருக்கு நல்ல விலை கிடைக்கும். ஆதலால் "விற்காதே, விற்காதே" என்று ஊருக்கெல்லாம் ஓதுகிறவர் தம் பங்கை என்ன செய்கிறார் என்று பார்த்துக்கொள்வது நல்லது. சந்தை அறிந்த எந்த வியாபாரிக்கும் இது புதிய பாடமன்று.

அந்தக் கூட்டத்தாரிடமே இதற்கு எதிர்ச்சொல்லும் ஒன்று உண்டு. விலை போய்த் தொலைந்த காசைக் கையில் வைத்துக்கொண்டு நிற்பவனை "மூட்டை சுமப்பவன்" என்று பொருள்படும் சொல்லால் அழைக்கிறார்கள். ஒருவன் செய்தது ஒரே காரியம், விற்காமல் வைத்திருந்தது. விலை ஏறிவிட்டால் அவன் வைரக் கை. ஏறாவிட்டால் மூட்டை சுமப்பவன். அவனுடைய குணம் இரண்டிலும் ஒன்றேதான். அப்படியிருக்க, ஒன்றைப் பொறுமை என்று புகழ்வதும் மற்றதை மடமை என்று இகழ்வதும் எப்படிச் சரியாகும்? விலைதான் நம் குணத்துக்குப் பெயர் வைக்கிறதா? நாம் கேட்க வந்த கேள்வி இதுதான்.

மூட்டை சுமப்பது இந்நாட்டில் பழைய சங்கதி. 1942 முதல் 1945 வரை ஜப்பானியர் ஆட்சியில் புழங்கிய வாழைமர நோட்டைப் பற்றி மூத்தவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். வாழைமரப் படம் போட்டிருந்ததால் அந்தப் பெயர். நாளாக ஆக அதை அளவின்றி அச்சடித்தார்கள். பின்னால் வந்த நோட்டுகளில் வரிசை எண்கூட இல்லை. அரிசி வாங்க நோட்டைக் கட்டுக் கட்டாக எடுத்துப் போக வேண்டியிருந்தது. வெள்ளைக்காரர் 1945 செப்டம்பரில் திரும்பி வந்ததும் அந்த நோட்டு செல்லாது என்று அறிவித்துவிட்டார்கள். சாக்கிலும் தகரப் பெட்டியிலும் சேர்த்து வைத்திருந்தவர்கள் அப்படியே நின்றார்கள். அவர்களும் வைத்துக்கொண்டவர்கள்தாம். ஜப்பான்காரன் மீண்டும் வருவான் என்று வைத்திருந்தவரும் உண்டாம்.

நிற்க. கடைக்காரர் என்ற முறையில் வைத்துக்கொள்வதைப் பற்றி நமக்குத் தெரிந்ததைச் சொல்கிறோம். கிட்டங்கியில் கிடக்கும் சரக்குக்கு நாம் கொடுத்த கொள்முதல் விலை நம் பேரேட்டுக்குத்தான் தெரியும். சந்தைக்குத் தெரியாது, தெரிந்தாலும் அது இரக்கப்படாது. மூட்டை 80 வெள்ளிக்கு வாங்கிய வெங்காயம் 50க்கு இறங்கிவிட்டால், "80 வந்தால்தான் தருவேன்" என்று உட்கார்ந்திருப்பவன் வைராக்கியசாலி அல்லன். வெங்காயம் முளைவிட்டு அவனுக்கு அதை விளக்கிச் சொல்லிவிடும். மின்காசு முளைவிடாது, நாறாது. கண்ணாடித் திரையில் அப்படியே மினுமினுத்துக்கொண்டிருக்கும். அதனால்தான் அதை வைத்திருப்பவனுக்குச் செய்தி எட்டுவதற்கு வருடக்கணக்காகிறது. இன்று இது என் கையில் இல்லாதிருந்து, கையில் ரொக்கம் மட்டும் இருந்தால், இந்த விலைக்கு இதை வாங்குவேனா? இந்தக் கேள்விக்கு ஆம் என்று மனதார விடை வந்தால் வைத்துக்கொள்வதில் அர்த்தம் உண்டு. விடை இல்லை என்றால், அங்கே பொறுமை என்ற பெயரில் வேறேதோ உட்கார்ந்திருக்கிறது. பெரும்பாலும் அது வெட்கம்.

நம் கெடா மாநிலத்தில் வைத்துக்கொண்டு வாழ்ந்தவர்களும் இருக்கிறார்கள். 1950களிலும் 60களிலும் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்க, வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு போட, பால்மரம் வெட்டிய ஜனங்கள் வேலையும் வீடும் இழந்து நின்ற காலம். அப்போது துன் வீ. தி. சம்பந்தன் தோட்டந்தோட்டமாகச் சென்று, பத்துப் பத்து வெள்ளியாகப் பங்குப் பணம் சேர்த்து, 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தை உண்டாக்கினார். அச்சங்கம் முதன்முதலாக வாங்கியது நம் கெடாவிலுள்ள புக்கிட் சிடிம் தோட்டம், ஆண்டு 1961. பங்கு வாங்கியவர்களுக்குத் தாங்கள் எதை வைத்திருக்கிறோம் என்பது கண்ணுக்குத் தெரிந்தது. விடியற்காலையில் அவர்கள் வெட்டிய அதே மரம். விலை ஏறுமா என்பதைவிட, மரம் பால் தருகிறதா, லயம் நிற்கிறதா என்பதே அவர்களுக்குப் பெரிது. அச்சங்கம் இன்றும் இருக்கிறது.

அதே ஜனங்களின் பிள்ளைகள் இன்னொன்றையும் வைத்துக்கொண்டார்கள். 1984இல் மைக்கா ஹோல்டிங்ஸ் பங்குகள் விற்கப்பட்டன. (பெயரிலேயே "ஹோல்டிங்" இருப்பதை நேயர்கள் கவனிக்கலாம்.) ஏறத்தாழ 66,000 பேரிடமிருந்து 10 கோடியே 60 லட்சம் வெள்ளி சேர்ந்தது. தாலிக்கொடியை அடகு வைத்துக் கொடுத்த பெண்களைப் பற்றி இன்றும் தோட்டங்களில் பேசுவார்கள். ஆண்டுகள் போயின. கேட்டபோதெல்லாம் பொறுங்கள், பொறுங்கள் என்றே விடை வந்தது. பொறுத்தவர்களில் பலர் மையத்தாயும் பிணமாயும் போனார்கள். பத்திரம் பெட்டியடியில் கிடந்தது. கடைசியில் 2010இல் ஒரு கம்பெனி முன்வந்து, ஒரு வெள்ளிப் பங்கை 80 சென்னுக்கு எடுத்துக்கொள்வதாகச் சொன்னது. 26 வருடம் வைத்திருந்ததற்குப் போட்ட முதலும் முழுதாக வரவில்லை. அந்த ஜனங்களுக்குப் பொறுமை குறைவென்று யார் சொல்ல முடியும்? புக்கிட் சிடிமில் பத்து வெள்ளி கொடுத்தவர்களைவிட இவர்கள் குறைந்தவர்கள் அல்லர். முன்னவர்கள் கையில் வைத்திருந்தது தினமும் கண்டு, தொட்டு, கணக்குக் கேட்கக்கூடிய பொருள். பின்னவர்கள் கையில் இருந்தது பெரும்பாலும் காகிதமும் வாக்குறுதியும்.

மின்காசில் இரண்டு விதமும் நடந்திருக்கிறது என்பதை நியாயமாகச் சொல்ல வேண்டும். 2013 டிசம்பரில் விற்காமல் வைத்திருந்தவர், 2015 தொடக்கத்தில் விலை 200 டாலருக்கும் கீழே போனதைக் கண்டிருப்பார். 2017 கடைசியில் 20,000 டாலரை நெருங்கியதையும், அடுத்த ஆண்டே மூவாயிரத்துச் சொச்சத்துக்கு வீழ்ந்ததையும் கண்டிருப்பார். 2024 டிசம்பரில் 1,00,000 டாலரைத் தாண்டியதையும் கண்டிருப்பார். இந்த ஒரு கதைதான் எல்லார் காதிலும் விழுகிறது. லூனாவின் கதையைச் சொல்வோர் குறைவு. நம் லூனாஸ் பட்டணம் அன்று. லூனா என்ற மின்காசு.

2022 ஏப்ரலில் ஒரு லூனா 100 டாலருக்கு மேல் விலைபோயிற்று. அதன் அமைப்பைக் கடை பாஷையில் சொல்கிறோம். ஒரு கடைக்காரர் ஒரு டாலர் சீட்டு என்று ஒன்றை வெளியிடுகிறார். "இச்சீட்டைக் கொண்டு வந்தால் ஒரு டாலர் தருவேன்" என்று அவர் சொல்லவில்லை. "ஒரு டாலர் மதிப்புள்ள வேறொரு சீட்டை அச்சடித்துத் தருவேன்" என்கிறார். அந்த வேறு சீட்டுத்தான் லூனா. நம்பிக்கை இருந்தவரை எல்லோரும் ஒன்றாகக் கொண்டுவரவில்லை. மே மாதம் இரண்டாம் வாரத்தில் நம்பிக்கை உடைந்தது. எல்லோரும் ஒரே நேரத்தில் வாசலில் கூடினார்கள். லூனாவை அச்சடிக்க அடிக்க அதன் விலை இறங்கிற்று. விலை இறங்க இறங்க, ஒரு டாலர் மதிப்புக்கு முன்னிலும் அதிகமாக அச்சடிக்க வேண்டியதாயிற்று. ஏறத்தாழ 34 கோடியாக இருந்த லூனா சில நாட்களில் 6.5 லட்சம் கோடியாயிற்று. விலை ஒரு சென்னில் நூறில் ஒரு பங்குக்கும் கீழே போயிற்று. வாழைமர நோட்டு மூன்றரை வருடத்தில் செய்ததை இது ஒரு வாரத்தில் செய்து முடித்தது. அந்த வாரம் முழுதும் உலகெங்கும் ஒலித்த சொல் எது தெரியுமா? ஹோட்ல்.

அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் நம் அரசாங்கம் ஈபிஎஃப் பணத்திலிருந்து 10,000 வெள்ளி வரை எடுத்துக்கொள்ள அனுமதித்திருந்தது. பாடாங் செராய்ப் பக்கத்துத் தோட்டத்திலிருந்து நம் கடைக்கு வரும் ஒரு பையனின் தாயார், அவன் பேச்சைக் கேட்டு எடுத்துக் கொடுத்தார். நெடுங்காலம் பால்மரம் வெட்டி, பிறகு பள்ளிக்கூடத்தில் துப்புரவு வேலை பார்த்தவர். பையன் விலை சரியும் நேரம் பார்த்து, இப்போது மலிவு என்று எண்ணி, ஒரு டாலர் சுமார் விலையில் 2,200 சொச்சம் லூனா வாங்கினான். அவை இன்றும் அவன் கைப்பேசியில் இருக்கின்றன. நாம் இதை எழுதும் சமயத்தில் அத்தனையையும் விற்றாலும் ஒரு தே தாரிக்கின் விலை தேறாது.

இவ்வாண்டுத் தொடக்கத்தில் கடையில் ஆள் இல்லாத நேரத்தில் அவனே இந்த விஷயத்தை எடுத்தான்.

"விக்காத வரைக்கும் நட்டம் இல்ல பாய். வித்தாத்தான் நட்டம்."

"அம்மாகிட்ட என்னப்பா சொல்லி வச்சிருக்கே?"

"பணம் இருக்குமா, கொஞ்சம் பொறும்மான்னுதான் சொல்லியிருக்கேன். அது பொய் இல்லயே பாய். 2,200 காசும் அப்படியேதான இருக்கு."

நாம் அவனிடம் ஒரு கணக்குப் போட்டுக் காட்டினோம். இருக்கும் லூனா 6.5 லட்சம் கோடி. ஒவ்வொன்றும் மறுபடி ஒரு டாலர் ஆக வேண்டுமானால் மொத்தம் 6.5 லட்சம் கோடி டாலர் வேண்டும். அது மலேசியா முழுதும் ஓராண்டில் விளைவித்து உற்பத்தி செய்யும் எல்லாவற்றின் மதிப்பைப் போல் பத்து மடங்குக்கும் மேல். இவ்வளவு பணத்தை யார் கொண்டுவந்து அதில் போடுவார்? பையன் கெட்டிக்காரன், கணக்கு உடனே விளங்கிற்று. விளங்கியதை நான்கு வருடமாகத் தள்ளி வைத்திருந்தான் என்பதும் நமக்கு விளங்கிற்று.

மின்காசு கூடுமா கூடாதா என்று மார்க்கத் தீர்ப்புச் சொல்ல நாம் வரவில்லை. மதறஸாவில் ஓதிய அளவும் ஆறாம் வகுப்பும் அதற்குப் போதா. எகிப்தின் முஃப்தி 2018 தொடக்கத்தில் ஆகாது என்றார். இந்தோனேசிய உலமா சபை 2021இல் நாணயமாகப் பயன்படுத்தலாகாது என்றது. சரக்காக விற்பதற்கும் நிபந்தனை விதித்தது. நம் நாட்டுப் பங்குப் பத்திர ஆணையத்தின் ஷரீஅத் ஆலோசனைக் குழு 2020இல், பதிவு பெற்ற இடங்களில் வாங்கி விற்கலாம் என்றது. எதைப் பின்பற்றுவது என்று அறிய விரும்புவோர் நம் ஹஜ்ரத்துமார்களை அணுகட்டும். காசு ஹலாலாகவே இருக்கட்டும். அந்தப் பையனின் சொல்லில் உள்ள சிக்கல் அதனால் தீர்ந்துவிடுவதில்லை.

"விற்காதவரை நஷ்டமில்லை" என்பதைச் சற்று எடுத்துப் பார்ப்போம். தன் சொந்தக் காசைப் போட்டவன் இப்படிச் சொல்லிக்கொண்டால் அது அவன் ஆறுதல். இராத்திரி தூக்கம் வர ஏதாவது ஒன்று வேண்டும். நாம் அதில் தலையிட மாட்டோம். பிறர் காசைப் போட்டவன் இதைச் சொல்லும்போது, அவன் பிடித்துக்கொண்டிருப்பது லூனாவை மட்டுமன்று, அந்தத் தாயார் அறிய வேண்டிய செய்தியையும்தான். ஸபுர் என்பது தனக்கு வந்ததைத் தான் தாங்குவது. இங்கே தாங்குகிறவர் அம்மா; பொறுமைக்காரன் என்ற பெயர் மகனுக்கு. அமானிதமாக வந்த பொருள் காப்பாற்ற முடியாமல் போவது உண்டு. வெள்ளத்தில் போகும், நெருப்பில் போகும், சந்தையில் போகும். அதற்காக எவரையும் உடனே துரோகி என்று சொல்லிவிட மாட்டார்கள். போனதைச் சொல்லாமல் "இருக்கிறது" என்பதுதான் வேறு காரியம். 2,200 காசு இருக்கிறது என்பது உண்மையே. அந்தத் தாயார் காசின் எண்ணிக்கையைக் கேட்கவில்லை. தம் 10,000 வெள்ளியைக் கேட்டார். கேட்டதற்கு விடை சொல்லாமல் கேளாததற்கு விடை சொல்வது நம் கடைத்தெருவில் எல்லோருக்கும் தெரிந்த தந்திரம். கடன் வாங்கினவரிடம் தினமும் காண்கிறோம்.

இன்னொன்று. பையன் சொல்லாமலிருந்த ஒவ்வொரு மாதமும் அந்தத் தாயார் இல்லாத பணத்தை நம்பித் திட்டம் போட்டிருக்கிறார். கூரைத் தகரம் மாற்றுவதை ஒத்தி வைத்தார். முழங்கால் வைத்தியத்தை ஒத்தி வைத்தார். பணம் பழுத்து வரட்டும் என்று காத்தார். 2022இலேயே தெரிந்திருந்தால் வேறு வழி தேடியிருப்பார். ஆக, போனது 10,000 வெள்ளி மட்டும் என்று சொல்ல முடியாது.

"இப்ப சொன்னா அம்மா தாங்க மாட்டாங்க பாய்" என்றான்.

"தாங்க மாட்டாங்கன்னா இத்தனை வருஷமா தாங்கிக்கிட்டு இருக்கறது யாருப்பா?" என்றோம். அவன் பதில் சொல்லவில்லை. ஒரு டின் சாடினை எடுத்துக்கொண்டு, காசு வைத்துவிட்டுப் போனான்.

இரண்டு வாரம் கழித்துத் தாயும் மகனும் சேர்ந்தே வந்தார்கள். வீட்டில் என்ன நடந்தது என்று நாம் விசாரிக்கவில்லை. அம்மாவின் கண் வீங்கியிருந்தது. நம் பற்றுப் புத்தகத்தில் அவர் பெயரில் ஒரு தனிப் பக்கம் திறக்கச் சொன்னான். மேலே 10,000 என்று எழுதச் சொன்னான். மாதம் 200 வெள்ளி அவன் நம்மிடம் கட்டுவது, அம்மா வேண்டிய சாமானும் மீதி ரொக்கமும் எடுத்துக்கொள்வது என்று ஏற்பாடு. நான்கு வருடத்துக்கு மேல் பிடிக்கும். இதுவரை மூன்று மாதம் தவறாமல் வந்திருக்கிறது. ஒவ்வொரு தடவையும் அம்மா பக்கத்தைத் திருப்பிக் காட்டச் சொல்லிப் பார்க்கிறார். எழுத்து வாசிக்கத் தெரியாவிட்டாலும் எண்ணைக் கூட்டத் தெரியும்.

லூனாவை அவன் விற்கவில்லை. அது இப்போது தன் காசு, வைத்துக்கொள்வேன் என்கிறான். நாம் ஒன்றும் சொல்வதில்லை.